ஐம்பத்தெட்டிலிருந்து பூஜ்யம் வரை

ஜூன் 9

தங்கச்சிக்கு,

உன் பெண் நன்றாகச் சாப்பிடுகிறாள், நன்றாகத் தூங்குகிறாள், என் வீட்டை நன்றாகத் துவம்சம் செய்கிறாள். நீ கேட்க நினைத்த மூன்றுக்கும் பதில் ஆயிற்று. இனி நான் சொல்ல நினைத்ததைச் சொல்கிறேன்.

பொடிசுக்கு அடுத்த மாதம் மூன்று வயது முடிகிறது. இங்கே கொண்டுவந்து விடும்போது நீ என்ன சொன்னாய்? "எங்கிட்ட வாய் ஓயாம பேசுவா அக்கா, மத்தவங்ககிட்ட விரலை நீட்டுவா, நீயே புரிஞ்சு எடுத்துக் குடுத்துடு" என்றாய். மகாராணி வந்தாள், விரலை நீட்டினாள். பால் என்றால் விரல், பந்து என்றால் விரல், மூக்கு அரிக்கிறது என்றால்கூட விரல். விரல் நீட்டினாலே எல்லாம் கிடைக்கும்போது அவள் எதற்காக வாயைத் திறக்க வேண்டும்?

என் வீட்டில் இப்போது ஒரே சட்டம்தான். பெயர் சொன்னால் பொருள் கிடைக்கும். விரலுக்குக் கிடைக்காது. முதல் நாள் தண்ணீருக்காகக் கால் மணி நேரம் அழுதாள். நான் தம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு எதிரே உட்கார்ந்திருந்தேன். கடைசியில் "தண்ணி" என்றாள். தம்ளரும் கொடுத்தேன், ஓர் உலர்ந்த திராட்சையும் கொடுத்தேன். மறுநாள் அழுகை இல்லாமலே வந்துவிட்டது. பதினெட்டு நாளில் என்னிடம் எண்பத்தியொரு சொற்கள் பேசுகிறாள். எந்தச் சொல், எத்தனை மணிக்கு, பதிலுக்கு என்ன கொடுத்தேன் என்று எல்லாம் நோட்டில் இருக்கிறது.

குழந்தைப் பேச்சு ஆய்வுக்கூடத்தில் இருபத்திரண்டு வருஷம் குப்பை கொட்டியவள் சொல்கிறேன். பேச்சு என்பது பழக்கம், அவ்வளவுதான். பலன் தந்த சத்தம் நிலைக்கும், பலன் தராத சத்தம் உதிரும். என் பேராசிரியர் இதைப் புறாக்களை வைத்துக் காட்டினார், நான் குழந்தைகளை வைத்துப் பார்த்திருக்கிறேன்.

எதிரறைக்காரர் மட்டும் ஒப்புக்கொள்ள மாட்டார். ஆய்வுக்கூடத்தில் நடைக்கு அந்தப் பக்கம் இருக்கிறாரே, காலர் மடங்காத மனுஷர், அவர்தான். குழந்தை பிறக்கும்போதே மொழியின் எலும்புக்கூட்டைத் தலைக்குள் வைத்துக்கொண்டு பிறக்கிறது என்பது அவர் கட்சி. அப்படிப் பிறக்கும் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் இலக்கணத்தில் மட்டும் ஏன் கோட்டை விடுகின்றன என்று கேட்டேன். டீயைக் குடிக்காமலே எழுந்து போனார்.

உடம்பைப் பார்த்துக்கொள். மலையில் குளிர் அதிகம் என்று கேள்வி.

உன் அக்கா


ஜூன் 21

அக்கா,

லாரி பன்னிரண்டு நாளைக்கு ஒருமுறைதான் மேலே வருகிறது. உன் கடிதத்தை அரிசி மூட்டைக்கும் டீசல் பீப்பாய்க்கும் நடுவிலிருந்து எடுத்துக் கொடுத்தார்கள். அதனால் கொஞ்சம் நாறுகிறது. பொடிசு வாசம் ஏதாவது ஒட்டியிருக்கிறதா என்று முகர்ந்து பார்த்தேன். டீசல்தான்.

இங்கே என் அறை தகரச் சுவர். ஒரு கட்டில், ஓர் ஆணி, ஆணியில் ஹெல்மெட். தினமும் ஷிஃப்ட் தொடங்குமுன் கருவியைத் தூக்கிக்கொண்டு சுரங்கத்துக்குள் போய் நேர்கோடு பிடித்துக் கொடுப்பது என் வேலை. நாங்கள் இந்தப் பக்கமிருந்து குடைகிறோம், இன்னொரு கூட்டம் அந்தப் பக்கமிருந்து குடைகிறது. நவம்பரில் நடுவில் சந்திக்க வேண்டும். வாசலில் ஒரு விரற்கடை பிசகினால் உள்ளே ஓர் ஆள் உயரம் பிசகிவிடும். அதனால்தான் அதுவரை லீவு கிடையாது என்கிறார்கள்.

எண்பத்தியொரு சொல் என்று எழுதியிருக்கிறாய். சந்தோஷம்தான், இல்லையென்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்தத் தம்ளர் விஷயம் தொண்டையில் நிற்கிறது. நான் படிக்காதவள் இல்லை, ஆனால் உன் படிப்பு படிக்கவில்லை. எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். அவள் "பா" என்பாள். பாலா, பாப்பாவா, பாயா என்று கேட்பேன். அவள் தலையை ஆட்டிச் சிரித்துவிட்டு இன்னொரு எழுத்தைச் சேர்ப்பாள். நானும் குடைவேன், அவளும் குடைவாள், நடுவில் எங்கேயோ சந்திப்போம். திராட்சை எல்லாம் கிடையாது. அவளுடைய அப்பா வேறு குடும்பம் தேடிக்கொண்டு போன பிறகு அந்த வீட்டில் பேச எனக்கும் அவளை விட்டால் ஆள் இல்லை. அவள் ஒன்றும் உன் புறா இல்லை, அக்கா. கோபித்துக்கொள்ளாதே.

ஒரு விஷயம். என்னைக் கேட்கிறாளா? "அம்மா நாளைக்கு வருவா" என்று பொய் மட்டும் சொல்லாதே என்று புறப்படும்போது உன்னைக் கேட்டுக்கொண்டேன். அதையே எனக்கும் செய். கேட்கிறாளா, எப்படிக் கேட்கிறாள், பூசி மெழுகாமல் எழுது.

உன் தங்கை


ஜூலை 6

தங்கச்சிக்கு,

பூசி மெழுக வேண்டாம் என்றாய். எண்ணிக்கையைப் போல நேர்மையானது வேறு இல்லை, அதனால் அதையே தருகிறேன்.

"அம்மா" என்ற சொல்லை ஒரு நாளைக்கு எத்தனை முறை சொன்னாள் என்று முதல் நாளிலிருந்தே குறித்துவருகிறேன். முதல் வாரம் சராசரி ஐம்பத்தெட்டு. இரண்டாம் வாரம் நாற்பத்தொன்பது. பிறகு முப்பத்தொன்று, பன்னிரண்டு, இரண்டு. ஜூன் 28 தொடங்கி இன்றுவரை பூஜ்யம். கட்டம் போட்ட தாளில் வரைந்து இத்துடன் வைத்திருக்கிறேன். பார், எங்கேயும் ஏறாமல் ஒரே சீராக இறங்குகிறது. என் இருபத்திரண்டு வருஷத்தில் இவ்வளவு சுத்தமான கோடு எந்தக் குழந்தையிடமிருந்தும் கிடைத்ததில்லை. பலன் இல்லாத சொல் உதிரும் என்று சொன்னேன் இல்லையா, உதிர்ந்துவிட்டது.

நீ இனி நிம்மதியாக வேலையைப் பார்க்கலாம். அவள் உனக்காக ஏங்கவில்லை. அழுகையும் இல்லை. மற்ற சொற்கள் நூற்று அறுபதைத் தாண்டிவிட்டன.

ஒரே ஒரு சின்ன உறுத்தல். "பெரியம்மா" என்று என்னை அழகாகக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள், அதையும் அதே வாரத்தில் விட்டுவிட்டாள். மூக்குக்கண்ணாடி போட்டிருக்கிறேனே, அதனால் இப்போது நான் "கண்ணாடி". "கண்ணாடி, பந்து குடு" என்கிறாள். கூப்பிட்ட ஒவ்வொரு முறையும் ஓடி வந்திருக்கிறேன், பலன் கொடுத்திருக்கிறேன். அது ஏன் உதிர வேண்டும் என்று தெரியவில்லை. எதிரறைக்காரரிடம் வாய் தவறிச் சொல்லிவிட்டேன், மனுஷர் முகம் பல்பு மாதிரி எரிந்தது.

அவர் ஒரு பந்தயம் கட்டியிருக்கிறார். ஆள் இல்லாத அறையில், திராட்சை கொடுக்க யாரும் இல்லாதபோதும் குழந்தை பேசும் என்கிறார். யாரும் கேட்காவிட்டால் பேச்சு எதற்கு, அதிகம் போனால் நான் சொன்னதைக் கிளி மாதிரி ஒப்பிப்பாள் என்றேன். மத்தியானம் அவள் தூங்கும் அறையில் அலமாரிக்கு மேல் அவருடைய டேப் ரெக்கார்டரை வைக்கப் போகிறோம். தோற்றவர் ஒரு மாதம் டீ வாங்க வேண்டும்.

உன் அக்கா


ஜூலை 17

அக்கா,

இந்தக் கடிதத்தை நாலாவது தடவை எழுதுகிறேன். முதல் மூன்றையும் நீ படிக்கக் கூடாது என்று கிழித்துவிட்டேன்.

உன் தாளைக் கருவி மேஜைமேல் பிரித்தேன். முதலில் எனக்குப் புரியவில்லை. நான் தினமும் கோடுகளைப் பார்க்கிறவள், இதுவும் ஏதோ சரிவுக் கணக்கு என்று நினைத்தேன். அடியில் நீ எழுதியிருந்ததைப் படித்தேன். "அம்மா, நாளொன்றுக்கு." பக்கத்தில் நின்ற மேஸ்திரி, "என்ன மேடம், எந்தப் பக்கம் இடிஞ்சுது?" என்று கேட்டார். தாளை மடித்து வைத்துவிட்டுக் கருவியைத் தூக்கினேன். அன்று காலை நான் பிடித்துக் கொடுத்த கோடு தப்பு. மத்தியானம் இன்னொருவர் வந்து சரிசெய்தார். ஏழு வருஷத்தில் முதல் தடவை.

என் குழந்தை என்னை ஒரு நாளில் ஐம்பத்தெட்டு தடவை கூப்பிட்டிருக்கிறாள். நீ எதிரே உட்கார்ந்து பென்சிலால் கோடு போட்டிருக்கிறாய். அது பூஜ்யம் ஆனதும் அந்தக் கோடு அழகாக இருக்கிறது என்று பெற்றவளுக்கே அனுப்பியிருக்கிறாய். நீ கெட்டவள் இல்லை என்று எனக்குத் தெரியும். அதனால்தான் எனக்குப் பயமாக இருக்கிறது. கெட்டவளாக இருந்தால் இதை மறைத்திருப்பாய்.

எனக்கு ஒன்று மட்டும் தெரிய வேண்டும். அவள் கூப்பிட்டபோது நீ என்ன செய்தாய்? முறைப்படி என்றெல்லாம் எழுதாதே. கையை எங்கே வைத்திருந்தாய், எங்கே பார்த்தாய், என்ன சொன்னாய், அதை எழுது. தண்ணிக்குத் தம்ளரோடு உட்கார்ந்தாய். அம்மாவுக்கு என்ன செய்தாய்?


ஜூலை 29

தங்கச்சிக்கு,

குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிட்டுக் கேள்வி கேட்கிறாய். பதில் சொல்கிறேன். ஆனால் அதற்கு முன் நானும் ஒன்று கேட்க வேண்டும். ஆறு மாதத்துக்கு மூன்று வயதுப் பிள்ளையை என் வாசலில் இறக்கிவிட்டபோது, உனக்கு முடியுமா அக்கா என்று ஒரு வார்த்தை கேட்டாயா? பையையும் பிள்ளையையும் சேர்த்து வைத்துவிட்டு, லாரி காத்திருக்கிறது என்றாய். "நாளைக்கு வருவா என்று பொய் சொல்லாதே" என்று சட்டமும் போட்டாய். பொய் சொல்லக் கூடாது, உண்மையைச் சொன்னால் அவளுக்குப் புரியாது. நான் என்னதான் செய்திருக்க வேண்டும்? பெற்று வளர்த்தவள் இல்லை நான். எனக்குத் தெரிந்தது ஒரே வித்தை. அதைச் செய்தேன்.

கேட்டாய், சொல்கிறேன். "அம்மா" என்று சொன்னதும் நான் நோட்டை மூடிவிட்டு எழுந்து அறையை விட்டு வெளியே போவேன். கதவைச் சாத்த மாட்டேன். கூடத்தில் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு ஒரு நிமிடம் நிற்பேன். பிறகு திரும்பி வந்து, ஒன்றும் நடக்காததுபோல விளையாட்டைத் தொடர்வேன். கவனிப்பே பலன்தான், ஆகவே அதையும் தரக் கூடாது. இதுதான் முறை. எல்லா ஊர் ஆய்வுக்கூடத்திலும் இதுதான். அடிக்கவில்லை, அதட்டவில்லை. எழுந்து போனேன், அவ்வளவுதான்.

ஜூலை 30

இதைத் தபாலில் சேர்க்கவில்லை. நேற்று எழுதியதைக் கிழிக்கவும் மனசு வரவில்லை, நான் எப்படிப்பட்டவள் என்று நீ பார்க்க வேண்டும்.

இன்று காலை எதிரறைக்காரர் டேப்போடு வந்தார். பந்தயத்தில் ஜெயித்தவர் சிரித்துக்கொண்டு வந்திருக்க வேண்டும். சிரிக்கவில்லை. "நீங்க தனியா கேக்கறீங்களா, நான் இருக்கட்டுமா?" என்று கேட்டார். இருங்கள் என்றேன்.

முதலில் கட்டில் கிறீச்சிடும் சத்தம். பிறகு அவள் குரல். பேசுகிறாள், தங்கச்சி. ஒற்றைச் சொல் இல்லை, திராட்சைச் சொல் இல்லை. கோத்துக் கோத்து, மூச்சு வாங்கி, நிறுத்தி, மறுபடியும் தொடங்கிப் பேசுகிறாள். துணிப் பொம்மையைப் படுக்க வைத்துவிட்டு அதனிடம் பேசுகிறாள். நான் கேட்டதை அப்படியே எழுதுகிறேன்.

"அழாத. அழாத. கூப்பிடாத. அம்மான்னு கூப்பிட்டா எந்திரிச்சுப் போயிடுவாங்க. நான் கூப்பிட்டேன்ல, அதான் போயிட்டா. இனி கூப்பிட மாட்டேன். கூப்பிடலைன்னா வந்துடுவா. உஸ். வாயை மூடிக்கோ."

பிறகு மறுபடியும் முதலிலிருந்து, பொம்மைக்கு.

அவள் மறக்கவில்லை. அந்தச் சொல் உதிரவில்லை. ஒரு நாளைக்கு ஐம்பத்தெட்டு தடவை நான் எழுந்து போனதைப் பார்த்து, அவளே உட்கார்ந்து யோசித்து, நீ போனதற்கும் அந்தச் சொல்தான் காரணம் என்று முடிவுகட்டியிருக்கிறாள். நீ திரும்பி வர வேண்டும் என்று வாயைப் பூட்டியிருக்கிறாள். என் பெயருக்குள் அந்தச் சொல் இருப்பதால் என்னையும் கூப்பிடவில்லை. நான் சுத்தமான கோடு என்று வரைந்தது, ஒரு குழந்தை தன் வாயைக் கையால் பொத்திக்கொண்ட கணக்கு.

"இதை யாரும் அவளுக்குச் சொல்லிக் குடுக்கலை. யாரும் பலன் குடுக்கலை. அவளா கட்டின வாக்கியம்" என்றார் எதிரறைக்காரர். அவர் கட்சி ஜெயித்துவிட்டது. இருந்தாலும் பந்தய டீயைப் பற்றி அவர் பேச்சே எடுக்கவில்லை.

நான் என்ன செய்யட்டும், சொல். இந்த ஒரு தடவை நீ சொல்வதை மட்டும் செய்கிறேன். இன்று மலைக்குப் புறப்படும் லாரிக்காரரிடமே கொடுத்தனுப்புகிறேன், தபாலை நம்பவில்லை.

அக்கா


ஆகஸ்ட் 4

வருகிறேன். லீவு இல்லை என்றார்கள், வேலையையே விட்டுவிட்டேன். கருவியை உதவியாளரிடம் ஒப்படைத்தாயிற்று. நாளைய லாரியில் இறங்குகிறேன், மண் சரிந்திருந்தால் நடந்து இறங்குவேன். அவளிடம் ஒன்றும் சொல்லாதே, ஒன்றும் சொல்லிக்கொடுக்காதே. நீ செய்ய வேண்டியது ஒன்றுதான். அவள் என்ன சொன்னாலும், எதைச் சொன்னாலும், எழுந்து போகாதே.


செப்டம்பர் 2

தங்கச்சிக்கு,

நீங்கள் இருவரும் போன பிறகு வீடு பொருட்காட்சி முடிந்த மைதானம் போல இருக்கிறது. உன்னிடம் நேரில் பேச முடியாததை எழுதுகிறேன். நீயும் அந்த இரண்டு நாளும் என்னிடம் "சாப்பாடு எங்கே", "பை எங்கே" என்பதைத் தாண்டிப் பேசவில்லை, அதில் தப்பு இல்லை.

நீ வாசலில் நின்றாய். காலெல்லாம் சேறு, தலைமுடி காய்ந்து கிடந்தது. அவள் உன்னைப் பார்த்ததும் ஓடினாள், பாதி வழியில் நின்றாள், இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு அப்படியே பொத்தியபடி வந்து உன் வயிற்றில் முட்டினாள். வெட்கப்படுகிறாள் என்று பக்கத்து வீட்டம்மா சிரித்தார். நாம் இரண்டு பேர் மட்டும் சிரிக்கவில்லை. அவள் கணக்குப்படி அவள் ஜெயித்துவிட்டாள். கூப்பிடாமல் இருந்தாள், நீ வந்துவிட்டாய். என் ஆய்வுக்கூடத்தில் இதைவிடப் பெரிய பலனை யாரும் எந்தக் குழந்தைக்கும் கொடுத்ததில்லை. இனி அவள் ஏன் அதை விடுவாள் என்ற பயம் எனக்குத் தூக்கத்தைக் கெடுக்கிறது.

எதிரறைக்காரர் அந்த டேப்பைக் கட்டுரையாக எழுதலாமா என்று கேட்டார். கூடாது என்றேன். உடனே சரி என்றுவிட்டார், பாவம். நோட்டு என்னிடம்தான் இருக்கிறது. எரிக்க மாட்டேன். எரித்தால் நான் எதுவும் செய்யவில்லை என்று எனக்கே தோன்ற ஆரம்பித்துவிடும். ஆய்வுக்கூடத்தில் மூன்று குழந்தைகளுக்கு இதே முறையை எழுதிக் கொடுத்திருந்தேன். அந்த மூன்று வீட்டுக்கும் போய் நிறுத்தச் சொன்னேன். ஒரு வீட்டில் காரணம் கேட்டார்கள். என் தங்கை மகளைச் சொன்னேன். நின்றபடியே அழுதுவிட்டேன்.

மன்னிப்பு கேட்க எனக்குத் தகுதி வந்ததும் கேட்கிறேன். இப்போது ஒன்றே ஒன்று. சொன்னாளா?

அக்கா


செப்டம்பர் 19

அக்கா,

உன் கேள்விக்குப் பதில் எழுத ஏதாவது இருக்கட்டும் என்று இத்தனை நாள் காத்திருந்தேன். கோபமும் இருந்தது, இருக்கிறது. உன்னைப் பற்றி நினைத்தால் பாதி நாள் பல்லைக் கடிக்கிறேன், பாதி நாள் நான்தானே இறக்கிவிட்டுப் போனேன் என்று என்னையே கடிக்கிறேன். அதை விடு.

நகர அளவை அலுவலகத்தில் வரைபடம் பிரதி எடுக்கும் வேலை கிடைத்திருக்கிறது. இரண்டாம் மாடியில் ஒரே அறை. பொடிசு எல்லாம் பேசுகிறாள். நாள் முழுக்கப் பேசுகிறாள், காது வலிக்கிறது. ஆனால் என்னைக் கூப்பிட வேண்டுமென்றால் "இங்க பாரு" என்பாள், இல்லை சேலையைப் பிடித்து இழுப்பாள். கடையில் ஒரு பொம்பளை, "யாரு கூட வந்தே பாப்பா?" என்று கேட்டாள். "இவங்க கூட" என்றாள். நான் கூடையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

சொல்லிக் கொடுக்கலாமா, கெஞ்சலாமா என்று எல்லாம் தோன்றியது. திராட்சைகூட வாங்கிவிட்டேன், அதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. அப்புறம் அதை நானே தின்றுவிட்டேன். அவள் சொன்னாலும் இருப்பேன், சொல்லாவிட்டாலும் இருப்பேன், அதைப் பார்த்துத் தெரிந்துகொள்ளட்டும் என்று விட்டுவிட்டேன். நாற்பது நாள் ஆயிற்று. ஒரு நாள்கூடச் சொல்லவில்லை.

நேற்று மாலை மாடிப்படியில் எனக்கு முன்னால் இறங்கிக்கொண்டிருந்தாள். மூன்று படி மீதி இருக்கும்போது தடுக்கி விழுந்தாள். விழுந்த வேகத்தில் வலி தாங்காமல், எல்லாப் பிள்ளைகளும் கத்துவதுபோல, "அம்மா" என்று அலறிவிட்டாள்.

முட்டியில் ரத்தம். அவள் முட்டியைப் பார்க்கவில்லை. கையால் வாயைப் பொத்திக்கொண்டு கண்ணை இறுக மூடிக்கொண்டாள். அக்கா, அந்த முகத்தை நான் எப்படி எழுதுவேன்? அடி வாங்கப் போகும் பிள்ளையின் முகம். என் காலடிச் சத்தத்துக்காகக் காத்திருக்கிறாள், எனக்குத் தெரிந்தது. பக்கத்தில் போனால்கூட நான் நகர்வதாக நினைப்பாளோ என்று நின்ற இடத்திலேயே உறைந்து நின்றேன். எத்தனை நேரம் என்று தெரியாது.

ஒரு கண்ணைத் திறந்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை, காலைப் பார்த்தாள்.

"போகலையா?" என்றாள்.

"போகலை."

கொஞ்சம் யோசித்தாள். காலைப் பார்த்துக்கொண்டே, காதில் விழாத அளவுக்கு மெதுவாக, இன்னொரு தடவை சொன்னாள். சொல்லிவிட்டுப் பார்த்தாள். கால் அசையவில்லை. கொஞ்சம் சத்தமாகச் சொன்னாள். பார்த்தாள். நான் படியிலேயே உட்கார்ந்து, இரண்டு செருப்பையும் கழற்றி அவள் மடியில் வைத்தேன். அதைக் கெட்டியாகக் கட்டிக்கொண்டு, முதன்முறையாக என் முகத்தைப் பார்த்துச் சொன்னாள். அப்புறம்தான் முட்டி வலிக்கிறது என்று அழத் தொடங்கினாள்.

மேல் வீட்டுக்காரர் இறங்கி வந்து, வழியை அடைத்து உட்கார்ந்திருந்த எங்களைப் பார்த்து, "கொஞ்சம் எந்திரிங்கம்மா" என்றார்.

"முடியாதுங்க. பின்பக்கப் படியில போங்க" என்றேன். அவர் முணுமுணுத்துக்கொண்டே திரும்பி ஏறிப் போனார்.

உன் தங்கை